நாற்பத்திரண்டு பேனாவும் ஒன்றாக நின்ற நாள்

கதை நடத்துகிற வாத்தியார் வேலையில் ஒரே ஒரு ஆபத்துதான் உண்டு: என்றைக்காவது ஒரு நாள் பிள்ளைகளுக்குக் கதை புரிந்து தொலைத்துவிடும். மற்ற இம்சைகள் உங்களுக்கே தெரியும். சாக்பீஸ் தூள், பாதி வகுப்பில் போகும் கரண்ட், சாப்பாட்டுக்குப் பிறகு வரும் முதல் பீரியடில் கண்ணைத் திறந்துகொண்டே தூங்கும் கடைசி பெஞ்சு. அதையெல்லாம் சமாளித்துவிடலாம். கதை புரிந்த வகுப்பை மட்டும் சமாளிக்கவே முடியாது, அனுபவித்தவன் சொல்கிறேன்.

கள்ளக்குறிச்சியில் ஒரு கல்லூரியில் பதினோரு வருஷமாகக் கௌரவ விரிவுரையாளராகத் தமிழ் நடத்துகிறேன். என்னைப் போன்ற கௌரவங்கள் இதைப் படித்தால் இந்த இடத்தில் சிரித்துக்கொள்ளுங்கள். மூன்றாம் வருஷப் பாடத்தில் ‘மட்டக் கயிறு’ என்று ஒரு மொழிபெயர்ப்புச் சிறுகதை வைத்திருந்தார்கள். எழுதியவர் பெயர் வரவேண்டிய இடத்தில் அச்சகத்துப் புண்ணியவான்கள் பக்க எண்ணைப் போட்டுவிட்டார்கள். ஆகவே அதை எழுதியது யாரென்று எனக்கு இன்றுவரை தெரியாது.

கதை இதுதான். ஒரு ஊரில் எல்லோரும் சமம் என்று சட்டம் போடுகிறார்கள். ஊரிலேயே குள்ளமான ஆளை நிறுத்தி அளந்து, அந்த உயரத்துக்குத் தெருவெல்லாம் கயிறு கட்டி, கயிற்றில் மணி தொங்கவிடுகிறார்கள். யார் தலை பட்டாலும் மணி அடிக்கும். மணி அடித்தால் மறுநாள் காலையில் கயிறு ஒரு விரற்கடை இறங்கும், எல்லோருக்கும். அதனால் போலீஸே தேவைப்படவில்லை, ஊர் ஜனங்களே ஒருத்தரை ஒருத்தர் குனியச் சொல்லிக்கொள்கிறார்கள். ஒரு வீட்டில் ஒரு பெண் வளர்கிறாள். வளரவளர அவள் அம்மாவுக்குத் தூக்கம் போகிறது. கடைசியில் ஒருநாள் அந்தப் பெண் நட்ட நடுத்தெருவில் நிமிர்கிறாள். மணியெல்லாம் அடிக்கிறது. யாரும் அண்ணாந்து பார்க்கவில்லை, இன்னும் கொஞ்சம் குனிகிறார்கள். அவ்வளவுதான், கதை முடிந்தது. முரண், கரு, குறியீடு, மூன்றிலிருந்தும் கேள்வி வரும்.

கயிறு கட்டியவன்

முதல் வகுப்பில் முரணை எடுத்தேன். பெண்ணுக்கும் கயிற்றுக்கும் நடப்பது வெளிமுரண், அம்மாவுக்குள் நடப்பது அகமுரண் என்று கரும்பலகையில் இரண்டு கோடு போட்டு அழகாக விளக்கினேன். வகுப்பில் நாற்பத்திரண்டு பேர். எல்லோரும் குனிந்து எழுதிக்கொண்டிருந்தார்கள். வாத்தியாருக்கு இதைவிட வேறென்ன சந்தோஷம் வேண்டும்?

அப்போது ஏழுமலை எழுந்தான். வடக்கனந்தல்காரன். விடியக்காலையில் மார்க்கெட்டில் மூட்டை இறக்கிவிட்டு அப்படியே பஸ் பிடித்து வகுப்புக்கு வருவான். வந்தால் பாதி நேரம் தூங்குவான். நானும் பாவம் என்று விட்டுவிடுவேன், சில நாள் திட்டவும் செய்வேன். அன்றைக்கு என்னவோ முழித்திருந்தான். அவன் கேட்ட கேள்விக்குப் பதில் தேடிக் கதையை முதலிலிருந்து கடைசிவரை புரட்டினேன். எந்த வரியிலும் இல்லை. நான் புரட்டி முடிக்கும்வரை நாற்பத்திரண்டு பேரும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவன் கேட்டது இதுதான்: “அந்தக் கயித்த அளந்து கட்னவன் இன்னா ஒசரம் சார்?”

நடவுக் கயிறு

அடுத்த வகுப்பு குறியீடு. பதினோரு வருஷமாகக் குறியீடு நடத்துவதில் எனக்கு ஒரு தெம்பு உண்டு. எதைக் கேட்டாலும் ‘அது அடக்குமுறையின் குறியீடு’ என்று சொல்லிவிட்டால் பாதி மார்க் நிச்சயம். அதையே கேட்டேன், கயிறு எதன் குறியீடு? ஸ்டெல்லா எழுந்தாள். மணலூர்பேட்டைப் பக்கத்துப் பெண். வகுப்புக்கு அவள்தான் வாய். மற்ற நாற்பத்தொரு பேருக்கும் தலைவலி, ஜுரம், லீவு எதுவானாலும் அவள் வந்துதான் சொல்வாள்.

“எங்கூர்ல நடவு நடறப்ப குறுக்கால கயிறு புடிப்பாங்க சார்” என்றாள். “பொம்பளைங்க அத்தினி பேரும் கயித்துக்குப் பின்னாடி வரிசையா குனிஞ்சிகினு நிப்பாங்க. வரிச முழுக்க நட்டாத்தான் கயிறு அடுத்த எடத்துக்குப் போவும். கை வேகம் ஜாஸ்தியா இருக்கறவங்களும் நிக்கணும். மாசமா இருக்கறவங்க, முட்டி வலிக்காரங்க யாருனா தங்கிட்டாங்கன்னா பக்கத்துல இருக்கறவங்க அவங்க எடத்தையும் சேத்து நட்ருவாங்க. மேஸ்திரி கரையில நின்னு பாத்தா எல்லாரும் ஒண்ணாத்தான் தெரியும்.” வகுப்பே தலையாட்டியது. ஒரே நேரத்தில், ஒரே அளவுக்கு ஆட்டியதுபோல எனக்குப் பட்டது. கற்பனை என்று நினைத்துக்கொண்டேன். சரிம்மா, ஆனால் கதையில் அது குறியீடு என்றேன் விடாமல். அவள் என்னைக் கொஞ்சம் பரிதாபமாகப் பார்த்தாள். “எங்கம்மாவுக்கு அது குறியீடு இல்ல சார், அதுதான் வேல.”

வரிசையாகத் தாள் கொடுப்பது

என்னிடம் ஒரு கெட்ட பழக்கம் இருந்தது. உங்களில் பல பேருக்கும் இருக்கும், ஒப்புக்கொள்ள மாட்டீர்கள். திருத்திய தாளை மார்க் வரிசையில் அடுக்கி, மேலிருந்து ஒவ்வொரு பேராகக் கூப்பிட்டுக் கொடுப்பேன். பாஸ் மார்க்குக்குக் கீழே வந்தவர்கள் பெல் அடிக்கும்வரை சுவரோரம் நிற்க வேண்டும். என் வாத்தியார் என்னை நிற்க வைத்தார், நான் இவர்களை நிற்க வைத்தேன். அதைத் தவிர வேறு காரணம் யோசித்ததே இல்லை.

முதல் தேர்வில் ஐம்பதுக்கு நாற்பத்தேழு வாங்கிய பெண் காவேரி. கல்வராயன் மலையில் ஒரு குக்கிராமம், பஸ் போகாது. ஹாஸ்டலில் தங்கிப் படிக்கிறாள். அப்பா அம்மா வருஷத்தில் பாதி நாள் குடகில் காப்பி எஸ்டேட் வேலைக்குப் போய்விடுவார்கள். என் நோட்ஸை அவள் எழுதவே மாட்டாள், அவளாக யோசித்து எழுதுவாள். அந்தத் தாளைப் படித்த அன்றைக்கு, பொய் சொல்ல மாட்டேன், என் கண் கலங்கிவிட்டது. சென்னையில் தங்கிப் படிக்க ஒரு முதுகலை இடம், கல்லூரிக்கு ஒருத்தருக்கு, சாப்பாடும் படிப்பும் இடம் கொடுக்கிறவர்கள் பொறுப்பு என்று அப்போதுதான் கடிதம் வந்திருந்தது. காவேரியைக் கூப்பிட்டுச் சொன்னேன். இது கிடைக்காவிட்டால் என்ன செய்வாய் என்று கேட்டேன். அப்பாகூட எஸ்டேட்டுக்குத்தான் சார் என்றாள். அவள் அக்கா இரண்டு பேரும் அங்கேதான் இருக்கிறார்களாம்.

தாள் கொடுத்த அன்றைக்கு முதல் பேராக அவளைக் கூப்பிட்டுக் கைதட்டச் சொன்னேன். கடைசிப் பேர் ஏழுமலை, ஒன்பது மார்க். அவன் மட்டும்தான் ஃபெயில். சுவரோரம் தனியாக நின்றான், நின்றபடியே தூங்கினான். தூக்கத்தில் முட்டி மடங்கிச் சரிந்தவனை ஸ்டெல்லா எழுந்து போய்ப் பிடித்தாள். யாரும் சிரிக்கவில்லை. வகுப்பு முடிந்ததும் காவேரி என்னிடம் வந்தாள், தாளை மடித்துக் கையில் வைத்திருந்தாள். “அடுத்த வாட்டி என் பேரக் கூப்டாதீங்க சார்.”

பதினொன்று இருபது

இரண்டாவது தேர்வு பத்தரைக்கு ஆரம்பித்தது. எங்கள் வகுப்பின் மேற்கு ஜன்னலில் மலை தெரியும். அன்றைக்கு மேகம் மூடி, மலை இருந்த இடமே தெரியவில்லை. அதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். தேர்வு அறையில் பேனா ஓடுகிற சத்தம் ஒன்று இருக்குமே, மழைத் தூறல் ஓட்டில் விழுகிறாற்போல, அது பின்னால் கேட்டுக்கொண்டே இருந்தது. சரியாகப் பதினொன்று இருபதுக்கு அது நின்றுவிட்டது.

திரும்பிப் பார்த்தேன். முதல் பெஞ்சில் ஏழுமலை தாள்மேல் கன்னத்தை வைத்துத் தூங்கிக்கொண்டிருந்தான். மற்ற நாற்பத்தொரு பேரும் பேனாவைத் தாளுக்கு ஒரு விரல் மேலே பிடித்தபடி அசையாமல் உட்கார்ந்திருந்தார்கள். கண் தாளில்தான் இருந்தது. எழுதுங்கப்பா, இன்னும் நாற்பது நிமிஷம் இருக்கே என்றேன். ஒரு பேனா அசையவில்லை. ஃபேன் மட்டும் கிரீச் கிரீச் என்று சுற்றியது. இத்தனை வருஷத்தில் காப்பி அடிப்பவனைப் பிடித்திருக்கிறேன், பிட்டை விழுங்கியவனையும் பார்த்திருக்கிறேன். இதற்கு என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை. ஏழுமலையை எழுப்பவும் ஏனோ பயமாக இருந்தது. பெல் அடிக்கும்வரை அவர்கள் அப்படியே இருந்தார்கள், நானும் அப்படியே நின்றேன்.

சாயங்காலம் வீட்டில் கட்டைப் பிரித்தேன். முதல் தாள் ‘ஊர் மக்கள் எல்லோரும் கயிற்றுக்குக் கீழே குனி’ என்ற இடத்தில் பாதி வார்த்தையில் நின்றது. ஏழுமலையின் தாள். அந்த எழுத்துக்குப் பின்னால் பேனா சரிந்து ஒரு கோடு இழுத்திருந்தது. இரண்டாவது தாளும் அதே ‘குனி’யில் நின்றது. மூன்றாவதும் அங்கேதான். எல்லாம் நான் டிக்டேட் செய்த நோட்ஸ், வரிக்கு வரி. காவேரியின் தாளைத் தேடி எடுத்தேன். என் நோட்ஸைத் தொடாத பெண் முதன்முதலாக அதை எழுதியிருந்தாள், அவளுடைய குண்டுகுண்டான கையெழுத்தில், அதே இடத்தில் நிறுத்தி. நாற்பத்திரண்டு தாளையும் தரையில் பரப்பிப் பார்த்துவிட்டு என் மனைவி உள்ளே போய்ப் பூஜை விளக்கை ஏற்றினாள். மறுநாள் ஸ்டாஃப் ரூமில் தேவநாதன் சாரிடம் காட்டினேன். சரித்திர வாத்தியார், எதற்கும் அசைய மாட்டார். பத்துத் தாள் புரட்டியதும் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டார். “ஒரே மாதிரி எழுதினா காப்பின்னு எழுதி மேல அனுப்பலாம் சார், ஒரே எடத்துல நிறுத்தினா இன்னான்னு எழுதறது?”

விட்டுக்கொடுத்தல்

வகுப்புக்குப் போய்த் தாளையெல்லாம் மேஜையில் வைத்தேன். அடுக்கவில்லை, அடுக்க முடியாது, எல்லாம் பதினெட்டு மார்க். பாஸுக்கு இருபது. யார் செய்த ஏற்பாடு இது என்று கேட்டேன்.

ஸ்டெல்லா எழுந்தாள். “ஏழுமல எழுதற வேகத்துக்கே எழுதுனோம் சார். அவன் பக்கத்துல நான், எம் பக்கத்துல காவேரி, அப்டியே கடைசி பெஞ்சு வரிக்கும். அவன் நின்னா நாங்களும் நிக்கறதுன்னு பேசிக்கினோம். எல்லாரும் ஃபெயிலுன்னா எல்லாரையும் செவுத்தோரம் நிக்க வைங்க. எடம் பத்தாது, அவ்ளோதான்.” ஏழுமலை டெஸ்க்கின் கீழே தலையைத் தொங்கப் போட்டிருந்தான். எனக்கு வெட்கமாக இருந்தது. சத்தமாகவே சொன்னேன்: தப்பு என்மேல்தான், இனிமேல் யாரும் நிற்க வேண்டாம், தாளை வரிசையாகக் கொடுக்கவும் மாட்டேன் என்று. பிறகு சென்னை இடத்தைப் பற்றிச் சொன்னேன். வருகிற வாரம் இதே கதையின் முரண், கரு, குறியீடு பற்றி ஒரு கட்டுரை, ஒன்றரை மணி நேரம். விதிப்படி வகுப்பே உட்கார்ந்து எழுதவேண்டும், சிறந்த தாளைச் சாயங்காலத்துக்குள் நான் உறையில் போட்டு ஒட்டி அனுப்பவேண்டும். அன்றைக்கும் இப்படிச் செய்தீர்களானால் காவேரி எஸ்டேட்டுக்குப் போகவேண்டியதுதான் என்றேன்.

வகுப்பில் ஒரு சலசலப்பு. யாருக்குமே தெரிந்திருக்கவில்லை. அவள் சொல்லவே இல்லை. ஸ்டெல்லா அவளைப் பார்த்த பார்வையில் கோபமும் இருந்தது, பாசமும் இருந்தது. “அதுக்கு இன்னா சார், நாங்க யாரும் எழுத மாட்டோம், அவ மட்டும் எழுதட்டும்” என்றாள். நாற்பது குரல் ஆமாம் சார் என்றது. பிரச்சினை தீர்ந்தது என்று நான் சந்தோஷமாகக் கிளம்பினேன். காவேரி வராண்டாவில் பின்னாலேயே ஓடி வந்தாள். ஏம்மா அவர்களிடம் முன்னாடியே சொல்லவில்லை என்று கேட்டேன். “சொன்னா இப்டித்தான் விட்டுக் குடுத்துருவாங்க சார், அத நான் எப்டி திருப்பிக் குடுக்கறது?”

ஒன்றரை மணி நேரம்

கட்டுரை அன்றைக்கு நாற்பத்திரண்டு பேரும் நேரத்துக்கு வந்தார்கள். ஏழுமலை மூட்டைக்குப் போகாமல் குளித்து விபூதி வைத்துக்கொண்டு வந்திருந்தான். காவேரியை நடு பெஞ்சில் உட்கார வைத்தார்கள். தாள் கொடுத்தேன். எல்லோரும் பேரும் நம்பரும் எழுதினார்கள். பிறகு நாற்பத்தொரு பேர் பேனாவை மூடினார்கள். டக் டக் டக் என்று முன்னாலிருந்து பின்னால்வரை அந்தச் சத்தம் போய் முடிந்தது.

அதோடு அவர்கள் சும்மா இருந்திருக்கலாம். ஜன்னலைப் பார்த்திருக்கலாம், தூங்கியிருக்கலாம். அவர்கள் அத்தனை பேரும் திரும்பிக் காவேரியைப் பார்த்தார்கள். முன் பெஞ்சுக்காரர்கள் உடம்பைத் திருப்பி, பக்கத்திலிருந்தவர்கள் கழுத்தைச் சாய்த்து. முகமெல்லாம் சிரித்த முகம். எழுது, எழுது என்று சொல்கிற முகம். அந்த நாற்பத்தொரு சிரிப்புக்கும் நடுவே அவள் இடது கையால் தாளை மறைத்துக்கொண்டு பேனாவைத் தாளில் வைத்தாள், எடுத்தாள், மறுபடி வைத்தாள். நான் அவர்களை முன்னால் பார்க்கச் சொன்னேன். பார்த்தார்கள், ஒரு நிமிஷத்தில் ஒவ்வொரு தலையாக மறுபடி அவள் பக்கம் திரும்பியது. அன்பாகத்தான் பார்த்தார்கள், சத்தியமாக. எனக்கு அந்த அறையை விட்டு ஓடிவிடலாம்போல இருந்தது. பெல் அடித்தது. நாற்பத்திரண்டு தாளை வாங்கினேன். நாற்பத்திரண்டும் வெள்ளை. ஸ்டெல்லா காவேரியின் தோளைத் தட்டி, நல்லா எழுதியிருப்ப என்று சொல்லிவிட்டுப் போனாள்.

எல்லோரும் வகுப்பைவிட்டுப் போன பிறகு அவளை ஸ்டாஃப் ரூமுக்குக் கூப்பிட்டேன். சாப்பாட்டு நேரம், தேவநாதன் சார்கூட இல்லை. ஏம்மா இப்படிப் பண்ணினே என்றேன். “அடிச்சிருந்தாகூட எழுதியிருப்பேன் சார், பாத்துக்கினே இருந்தா எப்டி எழுதறது?” என்றாள். உறையை ஒட்ட நாலு மணி வரை நேரம் இருந்தது. எனக்கு என்ன தைரியம் வந்ததோ, அவள் தாளைக் கட்டிலிருந்து உருவி மேஜைமேல் வைத்தேன். உட்கார், இன்னும் ஒன்றரை மணி நேரம் தருகிறேன், இங்கே யாரும் இல்லை, எழுது என்றேன்.

அவள் தாளைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

“இந்த ஒண்ணர மணி நேரம் எல்லாருக்கும் உண்டா சார்?”

இல்லம்மா, உனக்கு மட்டும்தான் என்றேன். பொய் சொல்லியிருக்கலாம், அந்தப் பெண்ணிடம் முடியவில்லை. வராண்டாவில் அவளுக்காகக் காத்திருக்கிறவர்களின் பேச்சுச் சத்தம் கேட்டது. ஸ்டெல்லா எதற்கோ சிரித்தாள். காவேரி அதைக் கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டு நின்றாள். அப்படியே போய்விடுவாள் என்றே நினைத்தேன், போனால் தடுக்கவும் எனக்கு வாயில்லை. அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். பேனாவைத் திறந்தாள். என் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்.

“அப்ப கதவச் சாத்துங்க சார்.”

எல்லோரும் சமம் என்று பதினோரு வருஷமாகக் கரும்பலகையில் எழுதிப் போட்டவன் அன்றைக்குச் சத்தம் வராமல் எழுந்துபோய்த் தாழ்ப்பாளையும் சேர்த்தே போட்டேன்.